வருகிற கம்பியும் போகிற கம்பியும்: மேட்டூர்ச் சமவெளியில் தந்திச் சட்டத்தின் நீண்ட ஆயுள்

1

மேட்டூரிலிருந்து எந்தத் திசையில் கிளம்பினாலும் தலைக்கு மேல் கம்பி கூடவே வருகிறது. அணை மின்நிலையம், சுரங்க மின்நிலையம், அனல்மின் நிலையம் என்று மூன்று காலகட்டங்களின் மின்உற்பத்தி ஒரே ஊரில் குவிந்திருக்கிறது. உற்பத்தியாகும் மின்சாரம் ஊரைவிட்டு வெளியேற வேண்டும். வெளியேற வழி வேண்டும். அந்த வழி யாருடைய நிலத்தின் மேல் என்ற கேள்விதான் இக்கட்டுரையின் விஷயம்.

இந்த வட்டாரத்துத் தோட்டத்துக்காரர்களிடம் பேசும்போது கம்பிகளை அவர்கள் இரண்டாகப் பிரித்துப் பேசுவதைக் கவனித்திருக்கிறேன். ஒண்ணு, கிணத்து மோட்டாருக்கு வர்ற கம்பி. இன்னொண்ணு, நம்ம காட்டு மேல போற கம்பி. முன்னதற்காக வருஷக்கணக்கில் மனுப்போட்டுக் காத்திருப்பார்கள்; போஸ்ட்டு நட இடம் கொடுப்பார்கள்; லைன்மேனுக்கு டீ வாங்கிக் கொடுப்பார்கள். பின்னதைப் பற்றிக் கேட்டால், “அதுல இருந்து நமக்கு ஒரு பல்பு எரியுமாங்க?” என்பார்கள். வருகிற கம்பிக்கு அவர்கள் சம்மதம் தந்திருக்கிறார்கள். போகிற கம்பிக்கு யாரும் சம்மதம் கேட்டதில்லை.

மக்கள் பேச்சில் தெளிவாக இருக்கிற இந்த வேறுபாடு சட்டத்தில் கிடையாது. சட்டம் வேறொரு வேறுபாட்டின் மேல் நிற்கிறது: நிலத்தை எடுப்பது ஒன்று, நிலத்தைப் பயன்படுத்துவது இன்னொன்று. எடுத்தால் அது கையகப்படுத்தல். அதற்கென்று தனிச் சட்டம், விசாரணை, விலை எல்லாம் உண்டு. பயன்படுத்தினால் மட்டும் அது ஒன்றுமில்லாத மாதிரி. இந்த ‘ஒன்றுமில்லாத மாதிரி’ எங்கிருந்து வந்தது? வரலாற்றைச் சற்றுப் பின்னோக்கிப் புரட்ட வேண்டியிருக்கிறது.

2

இன்று 400 கிலோவோல்ட் கோபுரத்தை ஒரு விவசாயியின் மஞ்சள் காட்டில் நிறுத்தும் அதிகாரம் எந்தச் சட்டத்திலிருந்து கிடைக்கிறது என்று கேட்டால் பலரும் மின்சாரச் சட்டம் என்றே சொல்வார்கள். பாதி உண்மை. மின்சாரச் சட்டம் அந்த அதிகாரத்தைக் கடன்தான் வாங்குகிறது. கடன் கொடுத்தது 1885ஆம் ஆண்டின் இந்தியத் தந்திச் சட்டம்.

இந்தியாவில் தந்தி 1850களில் வேகமாகப் பரவியது. 1857இல் கலகக்காரர்கள் தந்திக் கம்பிகளை அறுத்தார்கள். கம்பி என்பது அரசின் நரம்பு என்று இரு தரப்புக்கும் அப்போதே தெரிந்திருந்தது. 1942இல் கம்பி அறுத்தவர்களுக்கும் அது தெரியும். கிளர்ச்சியை ஒடுக்கி முப்பது ஆண்டுகளுக்குள் உருவான சட்டம், கம்பி போகும் வழியில் நிலத்துக்காரனின் விருப்பத்தைப் பெரிதாக மதிக்கும் என்று எதிர்பார்க்க முடியாது.

அதன் பத்தாவது பிரிவு, தந்தி அதிகாரி எந்த அசையாச் சொத்தின் மேலும், கீழும், குறுக்கும் கம்பி கொண்டுபோகலாம், கம்பம் நடலாம் என்கிறது. கூடவே சில நிபந்தனைகள். அரசுக்குக் கிடைப்பது பயன்படுத்தும் உரிமை மட்டுமே. சொத்தில் வேறு எந்த உரிமையும் இல்லை. முடிந்த அளவு குறைவாகச் சேதம் செய்ய வேண்டும். ஏற்பட்ட சேதத்துக்கு, அக்கறையுள்ள எல்லோருக்கும் முழு இழப்பீடு தர வேண்டும்.

படிக்கும்போது நியாயமாகத்தான் தெரிகிறது. 1885இன் கம்பத்தை மனதில் வைத்துப் பாருங்கள். ஒரு மரக்கம்பம், அல்லது இரும்புக் கம்பம். அதற்கு ஒரு முழ அகலக் குழி. மேலே மெல்லிய கம்பி. அதன் கீழே சோளம் விதைக்கலாம், மாடு மேய்க்கலாம், வீடும் கட்டலாம். உண்மையிலேயே நிலம் எடுக்கப்படவில்லை. ‘பயன்படுத்தும் உரிமை மட்டும்’ என்ற சொற்றொடர் அந்தக் கம்பத்துக்கு அளவெடுத்துத் தைத்த சட்டை.

பதினேழாவது பிரிவு இன்னும் சுவாரஸ்யமானது. நிலத்துக்காரர் தன் நிலத்தை வேறுவிதமாகப் பயன்படுத்த விரும்பினால், கம்பியை அதே நிலத்தில் வேறு பக்கம் மாற்றச் சொல்லலாம், உயர்த்தச் சொல்லலாம், தாழ்த்தச் சொல்லலாம். முன்பே இழப்பீடு வாங்கியிருந்தால், மாற்றும் செலவையோ வாங்கிய இழப்பீட்டில் பாதியையோ, எது குறைவோ அதைக் கட்ட வேண்டும். தந்திக் கம்பத்துக்கு இது சரி. இதே பிரிவை எடுத்துக்கொண்டு ஒரு குறுவிவசாயி, “ஐயா, நான் கோழிப்பண்ணை போடப்போறேன், இந்தக் கோபுரத்தைக் கொஞ்சம் தள்ளி வையுங்க” என்று கேட்டால் என்ன ஆகும்? ஏட்டில் இருக்கும் உரிமை, பொருளின் கனத்தாலேயே செத்துப்போன உரிமை.

பதினாறாவது பிரிவுதான் எல்லா வழக்குகளுக்கும் தாய். யாராவது தடுத்தால் மாவட்ட நடுவர், அதாவது கலெக்டர், தன் விருப்புரிமையின்படி அனுமதி உத்தரவு போடலாம். அதற்குப் பிறகும் தடுத்தால் குற்றம். இந்தியத் தண்டனைச் சட்டம் 188 பாயும் என்று அந்தப் பிரிவே சொல்கிறது. இழப்பீடு போதவில்லை என்றால் மாவட்ட நீதிபதியிடம் போகலாம். அவர் சொல்வதே முடிவு. இந்த இரண்டு வாசல்களையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். திரும்பவும் வருவோம்.

3

மேட்டூர் அணையின் வேலை 1925இல் தொடங்கி 1934இல் முடிந்தது. காவேரியை மறித்து நிறுத்திய ஸ்டான்லி நீர்த்தேக்கத்தில் ஊர்கள் மூழ்கின. தண்ணீர் வற்றும் ஆண்டுகளில் பண்ணவாடிப் பக்கம் ஜலகண்டேஸ்வரர் கோயில் நந்தியும் தேவாலயக் கோபுரமும் வெளியே தெரிவதைப் பத்திரிகைகள் படம் போடுகின்றன. மூழ்கிய ஊர் கண்ணுக்குத் தெரியும். நிலம் எடுக்கப்பட்டது என்பதை யாரும் மறுக்க முடியாது. வாங்கியது நியாய விலையா இல்லையா என்று சண்டை போடலாம். எடுத்ததா இல்லையா என்ற சண்டைக்கு இடமில்லை.

1937இல் அணையடியில் மின்நிலையம் ஓடத் தொடங்கியது. இதில் ஒரு சிக்கல். மேட்டூர் டெல்டா பாசனத்துக்கான அணை. வழக்கப்படி ஜூன் 12இல் திறந்து ஜனவரி 28இல் மூடுவார்கள். தண்ணீர் ஓடினால்தான் மின்சாரம். மூடிவிட்டால் கோடையில் கரண்ட் இல்லை. ஆகவே 1932இல் நீலகிரியில் தொடங்கிய பைக்காராவோடு மேட்டூர் இணைக்கப்பட்டது. இணைப்பு நடந்த இடம் ஈரோடு. ஒரு அணையின் குறையை இன்னொரு அணை நிரப்பும் இந்த ஏற்பாட்டின் பெயர்தான் மின்தொகுப்பு. நீண்ட கம்பி தேவைப்பட்டது இதனால்தான். அது மேட்டூருக்கும் நீலகிரிக்கும் இடையிலுள்ள கிராமங்களுக்காகப் போடப்பட்டதல்ல. அவற்றின் மேல் போடப்பட்டது.

இந்தக் கம்பி வெறும் ஆக்கிரமிப்பு என்று சொன்னால் அது பொய். கொங்கு நாட்டின் கிணறுகளில் கவலை ஏற்றம் போய் மோட்டார் வந்தது இந்தத் தொகுப்பால்தான். பஞ்சாலையும் விசைத்தறியும் ஜவ்வரிசி ஆலையும் வந்தது இதனால்தான். இப்பகுதி விவசாயிகள் மின்சாரத்தின் எதிரிகளாக ஒருபோதும் இருந்ததில்லை. 1970இல் மின்கட்டண உயர்வை எதிர்த்த போராட்டத்தில் பெருமாநல்லூரில் துப்பாக்கிச் சூட்டுக்குப் பலியானார்கள். 1972இல் மாட்டுவண்டிகளால் கோவையை நிறைத்தார்கள். நாராயணசாமி நாயுடுவின் இயக்கம் அந்த நெருப்பில் வளர்ந்தது. 1989–91 திமுக ஆட்சியில் எல்லா விவசாயிகளுக்கும் இலவச மின்சாரம் வந்தது அந்தப் போராட்டங்களின் நீட்சி. வருகிற கம்பிக்காக உயிர் கொடுத்தவர்களின் பேரப்பிள்ளைகள்தான் போகிற கம்பிக்கு எதிராக உட்கார்ந்தார்கள். இதை முரண்பாடு என்று சில அதிகாரிகளும் அறிவாளிகளும் கேலி செய்ததுண்டு. எனக்கு இதில் முரண்பாடு எதுவும் தெரியவில்லை. இரண்டிலும் கேள்வி ஒன்றே: இந்தக் கம்பியில் எங்களுக்கு என்ன பாத்தியதை?

4

சட்டத்துக்குத் திரும்புவோம். 1910ஆம் ஆண்டின் இந்திய மின்சாரச் சட்டம் ஒரு நல்ல இடத்திலிருந்து தொடங்கியது. பொதுப் பயன்பாட்டுக்கு விடப்படாத நிலத்தில் கம்பி போட உரிமையாளரின் சம்மதம் வேண்டும் என்று 12ஆவது பிரிவு சொன்னது. ஆனால் 51ஆவது பிரிவு, தந்தி அதிகாரிக்கு இருக்கும் அதிகாரத்தை மின்சாரம் அனுப்புகிறவருக்கும் அரசு எழுத்து மூலம் வழங்கலாம் என்றது. 12 விதி, 51 விதிவிலக்கு. 1948இன் மின்வழங்கல் சட்டம் 42ஆவது பிரிவின் வழியாக, அனுமதிக்கப்பட்ட திட்டங்களுக்கு இதே தந்தி அதிகாரத்தை மின்வாரியங்களுக்குக் கொடுத்தது. 1957இல் சென்னை மாநில மின்வாரியம் உருவானபோது அந்த அதிகாரத்தோடுதான் பிறந்தது. பெரிய பாதைகளைப் பொறுத்தவரை விதிவிலக்கே விதியாகிவிட்டது.

2003இன் மின்சாரச் சட்டம் பழைய சட்டங்களையெல்லாம் நீக்கியது. தந்தியை மட்டும் விடவில்லை. 51இன் சாரம் 164ஆவது பிரிவாகத் திரும்பி வந்தது. 2006இல் வந்த விதிகளும் அதே விளையாட்டுதான்: மூன்றாவது விதி, நிலத்துக்காரரின் முன்சம்மதம் வேண்டும் என்கிறது, அதே விதியின் கடைசி உட்பிரிவு, 164இன் கீழ் அதிகாரம் பெற்றவர்களை இது பாதிக்காது என்கிறது. முன்வாசலில் மரியாதை, பின்வாசலில் தந்தி.

இப்போது அந்த இரண்டு வாசல்களுக்கு வருவோம். முதல் வாசல் கலெக்டர். அவர் மாவட்ட நிர்வாகத்தின் தலைவர். திட்டத்தை நிறைவேற்ற வேண்டிய அரசின் பிரதிநிதி. அவரே தடையை விசாரிக்கும் நடுவர். அவர் முன் விவசாயி சொல்வது என்னவாக இருக்கும்? “பக்கத்துல பொறம்போக்கு இருக்குதுங்க, ஓடை இருக்குது, அதுல கொண்டுபோங்க.” பதில், “பாதை நிபுணர்கள் தீர்மானித்தது.” விவசாயிக்குத் தன் நிலத்தின் ஒவ்வொரு வரப்பும் தெரியும். ஆனால் அந்த அறிவு, நிபுணர் அறிவு என்ற சொல்லின் முன்னால் வெறும் ஆட்சேபணையாகச் சுருங்கிவிடுகிறது. எந்த அறிவு அறிவாகக் கணக்கில் வருகிறது என்பதை அதிகாரம் தீர்மானிக்கிறது என்று நாம் ஃபூக்கோவை மேற்கோள் காட்டி எழுதிக்கொண்டிருக்கிறோம். கலெக்டர் ஆபீஸ் வராண்டாவில் சிட்டாவோடு நிற்பவருக்கு அது படிக்காமலே தெரியும்.

இரண்டாம் வாசல் மாவட்ட நீதிபதி. அங்கே ‘போகலாமா?’ என்ற கேள்விக்கு இடமே இல்லை, ‘எவ்வளவு?’ மட்டும்தான். உச்ச நீதிமன்றம் 2016 டிசம்பரில் பவர்கிரிட் – செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் வழக்கில் இதைத் திட்டவட்டமாக்கியது: தந்தி அதிகாரம் பெற்ற நிறுவனத்துக்கு நிலத்துக்காரரின் முன்சம்மதம் தேவையில்லை. அந்த வழக்கில் தோற்றது ஏழை விவசாயி அல்ல, சுண்ணாம்புக்கல் சுரங்கம் வைத்திருந்த பெருநிறுவனம். நூறு வக்கீல்களை நிறுத்த முடிந்தவருக்கே இந்த வாசல் திறக்கவில்லை என்றால் ஒன்றரை ஏக்கர்க்காரருக்கு எங்கே திறக்கும்?

‘எவ்வளவு’ என்ற கேள்வியில் மட்டும் சிறிய வெளிச்சம் உண்டு. 2007இல் கேரள மின்வாரியம் – லிவிஷா வழக்கில் உச்ச நீதிமன்றம், இழப்பீட்டை ஒரே சூத்திரத்தால் கணக்கிட முடியாது என்றது. நிலம் எங்கே இருக்கிறது, கம்பி எப்படிக் கடக்கிறது, மிச்ச நிலம் பயன்படுமா, மதிப்பு எவ்வளவு குறைந்தது என்பதையெல்லாம் பார்க்க வேண்டும். அதாவது வெட்டிய தென்னைக்கு மட்டும் பணமல்ல, விழுந்துபோன நில மதிப்புக்கும்.

5

கம்பத்துக்கும் கோபுரத்துக்கும் உள்ள தூரத்தை எண்களில் சொல்கிறேன். 110 கிலோவோல்ட் பாதைக்கு வழமையான அகலம் 22 மீட்டர். 400க்கு 46 மீட்டர். 800 கிலோவோல்ட் நேர்மின்னோட்டப் பாதைக்கு 69 மீட்டர். இந்தக் கடைசிப் பாதை ஒரு கிலோமீட்டர் போனால் அதன் கீழ் 17 ஏக்கர். ஓர் ஏக்கர் நிலம் சதுரமாக இருந்தால் ஒரு பக்கம் சுமார் 64 மீட்டர். பாதை 69 மீட்டர். ஓர் ஏக்கர்க்காரரின் முழு நிலமும் பாதைக்குள் போய்விடும். அதற்குள் தென்னை வளர்க்க முடியாது. வீடு கட்ட முடியாது. ஆழ்துளைக் கிணற்று வண்டியை நிமிர்த்த முடியாது. நிலத்தை விற்கப் போனால் வாங்குகிறவர் முதலில் வானத்தைப் பார்ப்பார். ஆனாலும் சட்டப்படி நிலம் எடுக்கப்படவில்லை. “பட்டா உங்க பேர்லதானே இருக்கு?” என்பதே பதில்.

சத்தீஸ்கரின் ராய்கரிலிருந்து புகளூருக்கு வரும் 800 கிலோவோல்ட், 6000 மெகாவாட் பாதை சேலம், நாமக்கல் உள்ளிட்ட மேற்கு மாவட்டங்கள் வழியே வந்தபோது, 2018 டிசம்பரில் ஈரோட்டை அடுத்த மூலக்கரை உட்படப் பல இடங்களில் விவசாயிகள் தொடர் காத்திருப்பில் உட்கார்ந்தார்கள். அப்போதைய முதல்வரின் தொகுதி எடப்பாடி. மின்துறை அமைச்சரின் தொகுதி குமாரபாளையம். இரண்டும் இதே சமவெளி. 400 கிலோவோல்ட் கம்பிக்குக் கீழே குழல்விளக்கைக் கையில் பிடித்து, இணைப்பே இல்லாமல் அது எரிவதைச் செய்து காட்டினார்கள். கம்பியைச் சுற்றியுள்ள மின்புலம் எரியவைக்கிறது, இயற்பியல் எளிமையானது. ஆனால் சட்டம் கேட்கிற ‘சேதம்’ என்ற பட்டியலில் அந்த வெளிச்சத்துக்கு இடமில்லை. அதன் கீழே வேலை செய்கிறவருடைய பயத்துக்கும் இடமில்லை.

அவர்கள் கேட்டது மின்சாரம் வேண்டாம் என்றல்ல. சாலையோரமாகப் புதைவடமாகக் கொண்டுபோ என்றார்கள். முடியாவிட்டால் வாடகை கொடு என்றார்கள். அரசு இது சாத்தியமில்லை என்றது. 800 கிலோவோல்ட்டில் அத்தனை தூரம் புதைப்பது மிகுந்த செலவு பிடிக்கும் என்பது உண்மை. ஆனால் அதே திட்டத்தின் தொடர்ச்சியாகப் புகளூரிலிருந்து திருச்சூர் போகும் 320 கிலோவோல்ட் பாதை, கேரளத்துக்குள் சுமார் 27 கிலோமீட்டர் மண்ணுக்கடியில்தான் போகிறது. மின்னழுத்தம் வேறு, தொழில்நுட்பம் வேறு என்று பொறியாளர் சொல்வார். சரி. எந்த இடத்தில் மண்ணுக்கடியில், எந்த இடத்தில் தலைக்கு மேல் என்பது வெறும் பொறியியல் முடிவல்ல என்பதும் தெளிவாகிறது.

வாடகை கேட்டதை விசித்திரமாகப் பார்த்தவர்கள் இருக்கிறார்கள். இங்கிலாந்தின் 1919ஆம் ஆண்டு மின்வழங்கல் சட்டம், நிலத்தின் மேல் கம்பி கொண்டுபோக முதலில் உரிமையாளரையும் குடியிருப்பவரையும் சம்மதம் கேட்கச் சொன்னது. மறுத்தால் அவர்கள் தரப்பைக் கேட்ட பிறகே அமைச்சர் முடிவு செய்யலாம் என்றது. அங்கே ஆண்டுதோறும் வழித்தொகை கொடுக்கும் வழக்கம் இன்றும் உண்டு. நமக்குத் தந்திச் சட்டம் கொடுத்த தேசம், தன் விவசாயிக்கு வேறு சட்டம் வைத்திருந்தது.

அமெரிக்காவிலும் நடந்திருக்கிறது. 1970களின் பிற்பகுதியில் மின்னசோட்டாவில் 400 கிலோவோல்ட் நேர்மின்னோட்டப் பாதையை விவசாயிகள் எதிர்த்தார்கள். மனு, வழக்கு எல்லாம் முடிந்தபின் மாநிலப் போலீஸ் இறங்கியது. இரவுகளில் கோபுரங்களின் ஆணிகள் கழன்றன. பத்துக்கும் மேற்பட்ட கோபுரங்கள் சாய்ந்தன. ‘ஆணி வண்டு’ அரித்துவிட்டது என்று ஊர்க்காரர்கள் சொல்லிக்கொண்டார்கள். பாதை ஓடத்தான் செய்தது. அந்தப் போராட்டத்தைப் பற்றி 1981இல் பாரி காஸ்பரோடு சேர்ந்து நூல் எழுதிய பால் வெல்ஸ்டோன் பின்னாளில் செனட்டரானார். கேட்பதற்கு இடமில்லாத இடத்தில் கோபம் ஆணியைத் தேடிப் போகிறது என்பதே அங்கிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது.

6

2013இன் நிலம் கையகப்படுத்தல் சட்டம் சம்மதம், சமூகத் தாக்க ஆய்வு என்றெல்லாம் பேசியது. அதன் நான்காம் அட்டவணை விலக்கிவைத்த 13 சட்டங்களில் மின்சாரச் சட்டமும் ஒன்று. 2015 ஆகஸ்டில் இழப்பீட்டு விதிகள் அவற்றுக்கும் நீட்டிக்கப்பட்டன. ஆனால் கம்பி போவது ‘கையகப்படுத்தல்’ இல்லையே! அதே ஆண்டு அக்டோபரில் மத்திய மின்துறை வழிகாட்டுதல் ஒன்று வெளியிட்டது: கோபுரத்தின் நான்கு கால்களுக்கு இடைப்பட்ட நிலத்துக்கு அதன் மதிப்பில் 85 சதவீதம், கம்பிப் பாதைக்கு அதிகபட்சம் 15 சதவீதம். 2024 ஜூனில் இது முறையே 200 சதவீதம், 30 சதவீதம் என்று உயர்ந்தது. மாநிலங்கள் ஏற்றால்தான் மாநிலப் பாதைகளுக்குப் பொருந்தும், வழிகாட்டுதல், சட்டமல்ல.

இந்த உயர்வு போராட்டங்களின் வெற்றி. குறைத்துச் சொல்லக் கூடாது. ஆனால் அந்த எண்ணை ஒருமுறை உற்றுப் பாருங்கள். எடுக்காத நிலத்துக்கு எதற்காக இரண்டு மடங்கு விலை? சட்டம் வார்த்தையில் மறுப்பதை அரசு எண்ணில் ஒப்புக்கொள்கிறது. ஒப்புக்கொண்டபின்னும் வார்த்தையை மாற்றவில்லை. ஏனென்றால் ‘எடுக்கிறோம்’ என்று சொன்ன மறுகணமே ஏன், எதற்கு, வேறு வழி உண்டா என்று கேட்கும் உரிமை நிலத்துக்காரருக்கு வந்துவிடும். பணத்தைக் கூட்டலாம், கேள்வியை அனுமதிக்க முடியாது.

தந்தி 2013 ஜூலையில் செத்தது. கடைசித் தந்தி கொடுக்கக் கூட்டம் கூடியதைப் படத்தில் பார்த்தோம். 2023 டிசம்பரில் நாடாளுமன்றம் இயற்றிய தொலைத்தொடர்புச் சட்டம் 1885இன் தந்திச் சட்டத்தை நீக்க வழிசெய்கிறது. ஆனால் அதிலேயே ஒரு வாசகம்: மின்சாரச் சட்டத்தின் 164ஆவது பிரிவின் கீழ் மின்பாதை போடுவதற்கு மட்டும் தந்திச் சட்டத்தின் மூன்றாம் பகுதி தொடர்ந்து பொருந்தும். பத்து, பதினாறு, பதினேழு எல்லாம் அந்தப் பகுதியில்தான். தந்தி போனாலும் தந்திக்காரனின் அதிகாரம் போகாது. காலனியத்தின் மிச்சம் என்று சொல்லி நகர்ந்துவிட முடியாது. இது சுதந்திர நாடாளுமன்றம் தெரிந்தே எடுத்து வைத்துக்கொண்டது.

நம் பக்கமும் கேட்க வேண்டிய கேள்விகள் உண்டு. முழு இழப்பீடு ‘அக்கறையுள்ள எல்லோருக்கும்’ என்று அந்தப் பழைய சட்டமே சொல்கிறது. உரிமையாளருக்கு மட்டும் என்று சொல்லவில்லை. நடைமுறையில் காசோலை பட்டாதாரர் பெயருக்குப் போகிறது. வாரத்துக்கு ஓட்டுகிறவர், குத்தகைக்காரர், அந்தத் தென்னையில் ஏறிப் பிழைத்தவர், குச்சிக்கிழங்குக் காட்டில் கூலிக்குக் களையெடுத்த பெண்கள் இந்தக் கணக்கில் எங்கே? இச்சமவெளியில் நிலம் யாரிடம், உழைப்பு யாரிடம் என்பதைச் சாதி எப்படிப் பிரித்து வைத்திருக்கிறது என்பதை நாம் அறிவோம். போராட்டப் பந்தலில் அவர்களும் உட்கார்ந்திருந்தார்கள். கோரிக்கைப் பட்டியலில் அவர்கள் இல்லை. ஒரு விவசாய இயக்கம் அரசிடம் கேட்கும் கேள்வியைத் தன்னிடமும் கேட்காவிட்டால், அதுவும் இன்னொரு பட்டாவின் சண்டையாக முடியும்.

இனி வரப்போகும் கம்பிகள் காற்றாலையும் சூரியஒளியும் சுமந்து வரும். நிலக்கரி வேண்டாம் என்று எழுதுகிற நாமே அவற்றை வேண்டும் என்கிறோம். அதனால் ‘கம்பியே வேண்டாம்’ என்று சொல்லித் தப்ப முடியாது. கேட்க வேண்டியது இதுதான்: பாதை தாளில் இருக்கும்போதே ஊர்சபையில் வைக்க வேண்டும். மாற்றுப் பாதைகளையும் அவற்றின் செலவையும் வெளியிட வேண்டும். ஆட்சேபணையைக் கலெக்டர் அல்லாத ஒரு மன்றம் கேட்க வேண்டும். வருஷா வருஷம் வழித்தொகை வேண்டும். அதில் உழுகிறவருக்கும் பங்கு வேண்டும். தந்திச் சட்டத்தின் மூன்றாம் பகுதி இருக்கும்வரை இதில் ஒன்றுகூட உரிமையாகக் கிடைக்காது, சலுகையாகத்தான் கிடைக்கும். சலுகையை வாங்கிக்கொண்டு கலைவதா, அந்த மூன்றாம் பகுதியை நீக்கும்வரை உட்காருவதா என்பதை மேட்டூர்ச் சமவெளி இன்னும் தீர்மானிக்கவில்லை.